ஒயிட்சாப்பல் கொலைத் தடத்தில் மாலை நடை: அப்பாவை அழைத்துச் செல்லலாமா?

மதுரைக்காரி

எல்லோருக்கும் வணக்கம். அக்டோபர் கடைசியில் லண்டன் வருகிறோம். நான், பதின்மூன்று வயது மகள், என் அப்பா. அப்பா காவல்துறையில் சார்பு ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவர். பக்கிங்காம் அரண்மனை, லண்டன் பாலம் என்று நான் போட்ட பட்டியலைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "ஜாக் தி ரிப்பர் கொலை செய்த தெருக்களை நடந்தே காட்டுகிறார்களாமே, முதலில் அதற்கு டிக்கெட் எடு" என்று ஒற்றைக் காலில் நிற்கிறார். 1888-இல் கிழக்கு லண்டனின் ஒயிட்சாப்பல் பக்கம் ஏழைப் பெண்களைக் கொன்று, கடைசிவரை பிடிபடாத ஆள்தான் இந்த ரிப்பர்.

இணையத்தில் பார்த்தால் இருபது முப்பது பேர் நடத்துகிறார்கள் போலிருக்கிறது. எல்லா விளம்பரத்திலும் ஒரே பனிமூட்டம், ஒரே உயரத் தொப்பி. எனக்கு மூன்று சந்தேகங்கள். அப்பாவுக்கு முழங்கால் வலி, எவ்வளவு தூரம் நடக்க வேண்டும்? மகளை அழைத்துச் செல்லலாமா? அந்தத் தெருக்களில் பார்க்க உண்மையில் ஏதாவது மிஞ்சியிருக்கிறதா?

நடைராஜா

வாருங்கள் சகோதரி. பெரும்பாலான நடைகள் ஆல்ட்கேட் ஈஸ்ட் நிலையத்தின் வாசலிலோ டவர் ஹில்லிலோ மாலை ஆறு ஏழு மணிக்குத் தொடங்கும். ஏறக்குறைய இரண்டு மணி நேரம். தூரம் அதிகமில்லை, ஆனால் நடப்பதைவிட நிற்பதுதான் அதிகம். ஒவ்வொரு மூலையிலும் பத்து நிமிடம் நின்று கதை கேட்க வேண்டும், உட்கார இடம் கிடையாது. முழங்கால்காரர்களுக்கு அதுதான் சோதனை. மடக்கு நாற்காலி ஒன்றைக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள், யாரும் தவறாக நினைக்க மாட்டார்கள்.

என்ன மிஞ்சியிருக்கிறது என்றால், கொலை நடந்த இடம் ஒன்றுகூட அன்றிருந்தபடி இல்லை. மேரி ஆன் நிக்கல்ஸ் 1888 ஆகஸ்ட் 31 அதிகாலையில் கிடந்த பக்ஸ் ரோவுக்கு 1892-லேயே டர்வர்ட் தெரு என்று பெயர் மாற்றிவிட்டார்கள். இன்று அது ஒயிட்சாப்பல் ரயில் நிலையத்தின் பின்புறம். ஆனி சாப்மன் இறந்த ஹான்பரி தெரு 29-ஆம் எண் வீட்டை இடித்து மதுபான ஆலையின் கட்டடம் எழுப்பினார்கள், அந்த ஆலையும் 1989-இல் மூடப்பட்டது. மேரி ஜேன் கெல்லி வாழ்ந்த மில்லர்ஸ் கோர்ட் இருந்த டார்செட் தெருவையே வரைபடத்திலிருந்து துடைத்துவிட்டார்கள். 1928-இல் ஒரு பக்கம் பழச்சந்தைக்காகப் போனது, 1960-களில் மறு பக்கம் கார் நிறுத்துமிடத்துக்காகப் போனது.

இருந்தாலும் போய்ப் பாருங்கள் என்றுதான் சொல்வேன். கன்தார்ப் தெருவில் மதுக்கடையை ஒட்டிய வளைவுக்குள் நுழைந்தால் கல் பாவிய குறுகிய சந்து. அங்கே ஒரு நிமிடம் நின்றால் போதும், டிக்கெட் காசு தேறிவிடும்.

தேம்ஸ்கரை

எனக்குத் தேறவில்லை. நான் போன நடையின் வழிகாட்டி நல்ல குரல்வளம் கொண்டவர், நாடகக்காரராக இருக்க வேண்டும். கையில் ஒரு சிறிய படவீச்சுக் கருவி வைத்திருந்தார். மைட்டர் சதுக்கத்தில் எங்களை அரைவட்டமாக நிறுத்தி, பள்ளிச் சுவரின் பக்கமாக, அங்கே கொல்லப்பட்ட காதரின் எட்டோஸின் பிணவறைப் படத்தைப் பாய்ச்சினார். முன்வரிசையில் நின்ற ஒரு கூட்டம் "ஓ" என்று கத்திவிட்டுச் சிரித்தது. பக்கத்துக் கட்டடத்தில் விளக்கை அணைத்துத் திரையை இழுத்துவிட்டுக்கொண்ட ஒருவரையும் பார்த்தேன். தினமும் மாலையில் அவர் வீட்டு ஜன்னலுக்கு எதிரே இதே கூத்து நடந்தால் வேறு என்ன செய்வார்?

அந்த அம்மாளுக்கு நாற்பத்தாறு வயது. பிள்ளைகள் இருந்தார்கள். அவர் பிணத்தை வைத்து வேடிக்கை காட்டுவதற்கு நான் காசு கொடுத்திருக்கிறேன் என்ற நினைப்பு இன்னும் உறுத்துகிறது. பதின்மூன்று வயதுப் பெண் குழந்தையை அங்கே கொண்டுபோய் நிறுத்தாதீர்கள்.

பழைய சுவடி

படம் காட்டுவது ஒரு பக்கம். அவர்கள் சொல்லும் கதையே முக்கால்வாசி பொய் என்பது இன்னொரு பக்கம். பனிமூட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அந்தக் கொலை இரவுகள் எதிலும் கண் தெரியாத பனிமூட்டம் இல்லை. நிக்கல்ஸ் இறந்த இரவில் துறைமுகப் பக்கம் பெருந்தீ பிடித்து வானமே சிவந்திருந்தது, தீயை வேடிக்கை பார்த்துவிட்டுத் திரும்பிய தோழிதான் அவரை உயிரோடு கண்டு பேசியவர்களில் கடைசி ஆள். எலிசபெத் ஸ்ட்ரைடு இறந்த செப்டம்பர் 30-ஆம் தேதி இரவில் மழை பெய்திருந்தது.

உயரத் தொப்பியும் மேலங்கியும் கைப்பையும் அதைவிட மோசம். எட்டோஸோடு ஓர் ஆள் நின்றதைப் பார்த்த சாட்சி சொன்னது என்ன? முனை வைத்த துணித்தொப்பி, கழுத்தில் சிவப்புக் கைக்குட்டை, பார்க்க மாலுமி போல இருந்தான் என்று. அதாவது அந்தத் தெருவில் அந்த நேரத்தில் நடமாடிய நூறு பேரில் ஒருவன் போல. உயரத் தொப்பிக்காரன் பின்னால் வந்தவர்கள் கட்டிவிட்ட கதை.

பெயரைப் பாருங்கள். செப்டம்பர் 27 அன்று சென்ட்ரல் நியூஸ் செய்தி நிறுவனத்துக்கு வந்த கடிதத்தில்தான் "ஜாக் தி ரிப்பர்" என்ற கையெழுத்து முதன்முதலாக வருகிறது. அது பத்திரிகைக்காரர் ஒருவரின் கைவேலை என்று அன்றைய காவல்துறை மேலதிகாரிகளே எழுதி வைத்திருக்கிறார்கள். 'தி ஸ்டார்' மாலைப் பத்திரிகை அந்த ஆண்டு ஜனவரியில்தான் தொடங்கியது. விற்பனை தேவை, கொலை கிடைத்தது. இன்று டிக்கெட் விற்கிறவர்களைத் திட்டுகிறோம், முதல் டிக்கெட்டை விற்றது செய்தித்தாள்தான்.

"ஐந்து பேர்" என்ற கணக்கும் அப்படித்தான். காவல்துறைக் கோப்பில் 1888 ஏப்ரல் முதல் 1891 பிப்ரவரி வரை பதினொரு பெண்களின் கொலை இருக்கிறது. அதில் ஐந்துதான் ஒருவன் கைவேலை என்று 1894-இல் குறிப்பு எழுதியவர் மெல்வில் மெக்நாட்டன். அவர் காவல்துறையில் சேர்ந்ததே 1889-இல், அந்த ஐந்தும் முடிந்த பிறகு. நடைராஜா சொன்ன கன்தார்ப் தெருவில் ஆகஸ்ட் 7 அன்று 39 குத்துகளோடு கிடந்த மார்த்தா டாப்ரம் அந்த ஐந்தில் இல்லை. ஆனால் சந்து அழகாக இருப்பதால் நடையில் இருக்கிறார்.

ஓய்வுபெற்ற ரோந்து

மதுரைக்காரியின் அப்பாவுக்காக இதை எழுதுகிறேன். நானும் காக்கிச் சட்டை போட்டவன்தான். ஐயா அங்கே போனால் வழிகாட்டி சொல்லும் சதிக் கதைகளை (கொலைகாரன் அரச மருத்துவர், இல்லை இளவரசர், இல்லை ஓவியர் என்று) ஒரு காதில் வாங்கி மறு காதில் விட்டுவிட்டு, இரண்டு விஷயங்களை மட்டும் இடத்தில் நின்று பார்க்கட்டும். ரசிப்பார்.

முதலாவது, ஸ்டேஷன் எல்லைத் தகராறு. மைட்டர் சதுக்கம் லண்டன் மாநகரக் காவல்துறையின் (பழைய 'சிட்டி' பகுதிக்கு மட்டுமான தனிப் படை) எல்லைக்குள் இருக்கிறது. அங்கிருந்து சில நிமிட நடையில் உள்ள கோல்ஸ்டன் தெரு மெட்ரோபாலிட்டன் காவல்துறையின் எல்லை. எட்டோஸின் முன்கச்சையிலிருந்து அறுத்த துண்டு ரத்தக் கறையோடு அங்கே ஒரு வாசலில் கிடந்தது. அதற்கு மேலே சுவரில் யூதர்களைப் பற்றி ஒரு சாக்கட்டி வாசகம். மாநகரக் காவலர்கள் "விடியட்டும், படம் எடுத்துக்கொள்கிறோம்" என்றார்கள். மெட்ரோபாலிட்டன் ஆணையர் சார்ல்ஸ் வாரன் நேரில் வந்து, கடைத்தெருக் கூட்டம் வருவதற்கு முன்பாக, அதிகாலை ஐந்தரை மணி சுமாருக்கு அழிக்கச் சொன்னார். சந்தை நாள், யூதர்கள் நிறைந்த தெரு, கலவரம் வந்துவிடும் என்று பயம். சரியா தவறா என்று நானும் என் நண்பர்களும் இன்றுவரை அடித்துக்கொள்கிறோம். தடயத்தை அழித்ததை என்னால் ஏற்க முடியாது. ஆனால் அந்த நாற்காலியில் நான் இருந்து, பொழுது விடிந்தால் தெரு பற்றி எரியும் என்று தெரிந்திருந்தால்? அதுவும் யோசிக்க வேண்டியதுதான்.

இரண்டாவது, ரோந்து நேரம். காவலர் வாட்கின்ஸ் அதிகாலை 1.30-க்கு மைட்டர் சதுக்கத்தைச் சுற்றிப் பார்த்துவிட்டுப் போயிருக்கிறார், ஒன்றுமில்லை. திரும்பச் சுற்றி வந்தபோது மணி 1.45 கூட ஆகவில்லை, மூலையில் பிணம். அந்த அம்மாளைக் குடிபோதைக்காகப் பிடித்து வைத்திருந்த பிஷப்ஸ்கேட் காவல் நிலையம் விடுவித்ததே ஒரு மணிக்குத்தான். இந்த மூன்று புள்ளிகளையும் ஐயா கால்நடையாக அளந்து பார்க்கட்டும்.

கைரேகையை ஸ்காட்லாந்து யார்டு பயன்படுத்தத் தொடங்கியது 1901-இல். கல்கத்தாவில் கைரேகைப் பிரிவு 1897-லேயே வந்துவிட்டது, நாம் முந்திக்கொண்டோம். மனித ரத்தமா மிருக ரத்தமா என்று பிரித்துச் சொல்லும் சோதனையும் 1901-க்குப் பிறகுதான். பக்ஸ் ரோவுக்கு அடுத்த தெருவில் குதிரை அறுக்கும் கொட்டில், ஆல்ட்கேட்டில் கசாப்புக் கடை வரிசை. அந்த வட்டாரத்தில் அதிகாலை நான்கு மணிக்கு ரத்தக் கறை படிந்த முன்கச்சையோடு ஒருவன் நடந்துபோனால் வேலைக்குப் போகிறான் என்றுதான் நினைப்பார்கள். கொலைகாரன் மாயாவியாக இருக்க வேண்டிய அவசியமே இல்லை.

மேனர்பார்க்வாசி

நான் முப்பது வருடமாகக் கிழக்கு லண்டனில் இருக்கிறேன், யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவன். எங்கள் முருகன் கோவிலுக்கு வருகிற ஆட்களில் எத்தனை பேருக்குத் தெரியும், அந்த ஐந்து பெண்களில் மூவர் மேனர்பார்க்கில்தான் புதைக்கப்பட்டிருக்கிறார்கள் என்று? நிக்கல்ஸும் எட்டோஸும் லண்டன் மாநகர மயானத்தில், சாப்மன் மேனர்பார்க் மயானத்தில். ஸ்ட்ரைடு பிளெய்ஸ்டோவில், கெல்லி லெய்டன்ஸ்டனில். எல்லாம் நம்முடைய சனம் வீடு வாங்கிக் குடியிருக்கிற வட்டாரம். நடைக்காரர்கள் யாரும் இங்கே கூட்டி வருவதில்லை. பஸ் பிடித்து வந்து புல்தரையைக் காட்ட யார் காசு கொடுப்பார்கள்?

நான் சொல்ல வந்தது வேறு. ஆல்ட்கேட் ஈஸ்டில் இறங்கி ஒயிட்சாப்பல் வீதியில் கொஞ்சத் தூரம் நடந்தால் ஒரு பூங்கா. அங்கேதான் அந்த ஊருக்குப் பெயர் கொடுத்த வெள்ளைத் தேவாலயம் இருந்தது, இரண்டாம் உலகப் போர்க் குண்டுவீச்சில் போய்விட்டது. இன்று அது ஆல்டப் அலி பூங்கா. 1978 மே 4 அன்று மாலை வேலை முடிந்து வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்த இளம் வங்காளத் தையல் தொழிலாளி ஆல்டப் அலியை ஆட்லர் தெருவில் குத்திக் கொன்றார்கள். நிறவெறி. பத்து நாட்களுக்குப் பிறகு ஆயிரக்கணக்கான பேர் அவருடைய சவப்பெட்டியின் பின்னால் டவுனிங் தெரு வரைக்கும் நடந்தார்கள். டாக்காவில் இருக்கிற மொழித் தியாகிகள் நினைவுச்சின்னத்தின் சிறிய வடிவம் ஒன்றும் அந்தப் பூங்காவில் நிற்கிறது.

குற்ற நடை என்று சொல்லுகிறவர்கள் அந்தப் பூங்காவுக்குப் பக்கத்தாலேயே கூட்டிக்கொண்டு போகிறார்கள். நான் பார்த்த எந்தக் குழுவும் அங்கே நின்றதில்லை. அந்தக் குற்றத்துக்குக் குற்றவாளி தெரியும், காரணம் தெரியும், செத்தவருடைய ஆட்கள் இன்னும் இருக்கிறார்கள். ஆகவே அது கதையாகாது. இது எனக்குப் பொறுக்கவில்லை.

நடைராஜா

மேனர்பார்க் அண்ணா, உங்கள் கோபம் நியாயம். ஆனால் ஒன்றைச் சொல்லுங்கள். 1888-இல் ஒயிட்சாப்பலில் பசியிலும் காசநோயிலும் செத்த பெண்களில் ஒருவர் பெயராவது நமக்குத் தெரியுமா? இந்த ஐந்து பேரைப் பற்றித் தெரிகிறதென்றால் கொலைகாரனால்தான். கசப்பாக இருக்கிறது, ஆனால் உண்மை. நடை வேண்டாம் என்று தடுத்துவிட்டால் அந்தத் தெருக்களின் ஏழ்மையைப் பற்றிப் பேச யார் கூட்டம் கூட்டுவார்கள்? இருபது பவுன் கொடுத்து "விக்டோரியா காலத்து வீட்டு வாடகைப் பிரச்சினை" நடைக்கு நீங்கள் போவீர்களா?

பழைய சுவடி

நடைராஜா, இதே வாதத்தை அன்றே பெர்னார்ட் ஷா கிண்டலாக எழுதியிருக்கிறார். 1888 செப்டம்பரில், ஸ்ட்ரைடும் எட்டோஸும் கொல்லப்படுவதற்கு முன்பே, 'தி ஸ்டார்' பத்திரிகைக்கு ஒரு கடிதம். நாங்கள் சோஷலிஸ்டுகள் கூட்டம் போட்டும் துண்டறிக்கை கொடுத்தும் கிழக்கு லண்டன் ஏழைகளைப் பற்றி யாரும் திரும்பிப் பார்க்கவில்லை, எவனோ ஒருவன் கத்தியை எடுத்தான், உடனே பணக்காரர்களுக்கு ஈரம் சுரந்துவிட்டது என்கிற தொனியில். நீங்கள் கிண்டலை அப்படியே நிஜமாக எடுத்துக்கொண்டு விட்டீர்கள்.

நடைராஜா

ஷா சொன்னதாலேயே அது பொய்யாகிவிடுமா என்ன? ஃபிளவர் அண்ட் டீன் தெரு அதற்குப் பிறகு தானே வேகமாக இடிபட்டது.

பழைய சுவடி

முழு உண்மை அல்ல. குடிசை இடிப்பு அதற்கு முன்பே தொடங்கிவிட்டது. வென்ட்வர்த் தெருவில் தனியாக ஒரு சிவப்புச் செங்கல் வளைவு நிற்கிறது, பார்த்திருப்பீர்கள். ராத்ஸ்சைல்டு வங்கிக் குடும்பம் கட்டிய குடியிருப்பின் வாசல் அது. "நான்கு சதவீதத் தொழிலாளர் குடியிருப்பு நிறுவனம் எழுப்பியது, 1886" என்று அதன் மேல் பொறித்திருக்கிறது. முதலீட்டுக்கு நான்கு சதவீதத்துக்கு மேல் லாபம் எடுக்க மாட்டோம் என்ற உறுதியையே பெயராக வைத்துக்கொண்டார்கள். தருமத்துக்கும் வட்டிக் கணக்கு! குடியிருப்பு இடிந்தது, வளைவு மட்டும் நிற்கிறது. எந்தக் கொலை இடத்தையும் விட அதுதான் அந்த வட்டாரத்தில் பார்க்க வேண்டிய பொருள்.

அதோடு ஒரு சின்ன முறையீடு. ஃபூர்னியே தெரு, வில்க்ஸ் தெரு, பிரின்ஸ்லெட் தெரு வழியாக அழைத்துப் போய் "இதுதான் விக்டோரியா காலத்துத் தெரு" என்கிறார்கள். அவை 1720-களில் கட்டியவை! பிரான்சிலிருந்து மதக் கொடுமைக்குத் தப்பி வந்த பட்டு நெசவாளர்களின் வீடுகள். மேல்மாடியில் அகல ஜன்னல் இருப்பது தறிக்கு வெளிச்சம் வேண்டும் என்பதற்காக. விக்டோரியா காலத்தில் அவையே பாழடைந்து, அறைக்கு ஒரு குடும்பமாக அடைந்து கிடந்தன.

நூலகப்பூனை

நீண்ட நாட்களாகப் படிப்பதோடு சரி, எழுதுவதில்லை. இந்த இழை எழுத வைத்துவிட்டது.

கொலைகாரனால்தான் இந்தப் பெண்களைத் தெரியும் என்று நடைராஜா சொன்னார். நான் வேறு மாதிரி பார்க்கிறேன். கொலைகாரனைப் பற்றி நமக்கு ஒன்றுமே தெரியாது. பெயர், ஊர், தொழில், ஏன் செய்தான், ஏன் நிறுத்தினான், எதுவும். பெண்களைப் பற்றியோ அப்படியில்லை. மரண விசாரணையில் அக்கம்பக்கத்தார், விடுதிக்காரர், பிரிந்த கணவர், மகள் என்று வரிசையாக வந்து சாட்சி சொன்னார்கள். செய்தித்தாள்கள் அவற்றை வரிவரியாக அச்சிட்டன. ஏழைப் பெண் ஒருத்தியின் ஒரு நாள் எப்படிப் போனது என்று இவ்வளவு நுணுக்கமாக எழுதி வைத்த ஆவணம் அந்தக் காலத்தில் அபூர்வம். ஆனால் நடைகளில் இரண்டு மணி நேரமும் தெரியாத ஆளைப் பற்றியே பேசுகிறார்கள்.

உதாரணம் வேண்டுமா? எட்டோஸின் உடலோடு கிடைத்த பொருள்களைக் காவலர்கள் ஒவ்வொன்றாகக் குறித்தார்கள். ஒரு தகரப் பெட்டியில் தேயிலை, ஒன்றில் சர்க்கரை. வெள்ளைத் துணித் துண்டுகள் பன்னிரண்டு. ஊசியும் குண்டூசியும் குத்தி வைத்த சிவப்புக் கம்பளித் துண்டு. ஒற்றைக் கையுறை. களிமண் புகைக்குழாய் இரண்டு. ஒரு கடுகு டப்பா, அதற்குள் இரண்டு அடகுச் சீட்டுகள். ஒன்று ஆண் சட்டைக்கு, மற்றது பூட்ஸுக்கு. பூட்ஸ் அவரோடு வாழ்ந்த ஜான் கெல்லியுடையது. கென்ட் பக்கம் ஹாப்ஸ் (பீரில் சேர்க்கும் பூ) பறிக்கும் கூலி வேலைக்குப் போய்க் கையில் ஒன்றும் மிஞ்சாமல் இருவரும் நடந்தே திரும்பினார்கள். சாப்பாட்டுக்காக அவர் காலில் கிடந்ததைக் கழற்றி இரண்டரை ஷில்லிங்குக்கு வைத்தார்கள். வீடு இல்லாதவர் வீட்டையே உடம்பில் கட்டிக்கொண்டு திரிந்திருக்கிறார். படவீச்சுக் கருவியில் அந்தப் பட்டியலைக் காட்டட்டும், நான் டிக்கெட் எடுக்கிறேன்.

நான்கு பென்னி என்ற தொகையையும் பாருங்கள். பொது விடுதியில் ஒரு ராத்திரிப் படுக்கைக்கு அதுதான் விலை. நிக்கல்ஸிடம் அது இல்லை, த்ரால் தெரு விடுதியிலிருந்து வெளியே அனுப்பினார்கள். புதிதாக ஒரு தொப்பி கிடைத்திருந்தது, "காசு எப்படியும் தேற்றிவிடுவேன், தொப்பியைப் பார்த்தீர்களா" என்று சிரித்துக்கொண்டே போயிருக்கிறார். ஒரு வாரம் கழித்துச் சாப்மனிடமும் படுக்கைக்குக் காசு இல்லை. டார்செட் தெரு விடுதியிலிருந்து இரவு இரண்டு மணி சுமாருக்கு வெளியே. அவர் நோயாளி, நுரையீரல் கெட்டிருந்தது, கிழிந்த உறைத்தாளில் இரண்டு மாத்திரைகளை மடித்து வைத்திருந்தார். பிரிந்து வாழ்ந்த கணவர் வாரம் பத்து ஷில்லிங் அனுப்பிக்கொண்டிருந்தார். 1886 கிறிஸ்துமஸ் அன்று அவர் இறந்ததோடு அந்தப் பணமும் நின்றது. அதுவரை பின்னல் வேலை செய்தும் பூ விற்றும் ஒப்பேற்றியவருக்கு அதன் பிறகு தரை கிடைக்கவில்லை.

ஸ்ட்ரைடு, செத்த நாளன்று விடுதி அறைகளைத் துடைத்து ஆறு பென்னி சம்பாதித்திருந்தார். இவர்கள் எல்லோரையும் "விலைமாதர்" என்று ஒரே சொல்லில் கட்டி வைத்துவிட்டு நடைக்காரர்கள் அடுத்த மூலைக்குப் போய்விடுகிறார்கள். சிலர் சில சமயம் அந்த வழிக்குத் தள்ளப்பட்டிருக்கலாம். ஆனால் அந்த ஒரு சொல்லுக்குள் அவர்கள் அடங்கிவிட்டார்களா?

தேம்ஸ்கரை

கடுகு டப்பா என்னை அசைத்துவிட்டது. எங்கள் வழிகாட்டி சொல்லவேயில்லை.

அடையாற்று ஆலமரம்

பூனையார் எழுதியதற்கு ஒட்டி ஒரு செய்தி. சென்னைக்காரர்களுக்குப் பிடிக்கும்.

அந்த 1888 கோடையில் கிழக்கு லண்டன் பெண்கள் வேறொரு காரணத்துக்காகவும் செய்தியில் இருந்தார்கள். ஒயிட்சாப்பலுக்குக் கிழக்கே போ என்ற இடத்தில் பிரையன்ட் அண்ட் மே தீப்பெட்டித் தொழிற்சாலை. அங்கே வேலை செய்த பெண்களின் கூலி, அபராதம், பாஸ்பரஸ் விஷத்தால் தாடை அழுகும் நோய் ஆகியவற்றை ஜூன் 23 அன்று 'தி லிங்க்' என்ற சிறு இதழில் எழுதி உலகத்துக்குச் சொன்னவர் நம் அன்னி பெசன்ட். ஜூலையில் சுமார் 1,400 பெண்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள், ஜெயித்தார்கள். ஆகஸ்டில் கொலைகள். அதே நவம்பரில் பெசன்ட் அம்மையார் டவர் ஹாம்லெட்ஸ் பகுதியிலிருந்து லண்டன் கல்வி வாரியத்துக்குத் தேர்வானார். ஒயிட்சாப்பலும் அந்தத் தொகுதிக்குள்தான். பிறகு 1907-இல் அடையாறு பிரம்மஞான சபையின் தலைவர். பெசன்ட் நகர்க் கடற்கரையில் பஜ்ஜி தின்கிறவர்கள் நினைத்துக்கொள்ளட்டும்.

இன்னொரு இணைப்பு. சுவர் வாசகத்தை அழிக்கச் சொன்ன அதே சார்ல்ஸ் வாரன்தான் 1887 நவம்பர் 13 அன்று டிரஃபால்கர் சதுக்கத்தில் கூடிய வேலையில்லாதோர் ஊர்வலத்தின் மேல் காவலர்களையும் படையையும் ஏவியவர். 'ரத்த ஞாயிறு' என்றார்கள். பெசன்ட் அங்கே இருந்தார். ஏழைகளை அடிக்கத் தெரிந்த காவல்துறைக்கு அவர்களைக் கொல்கிறவனைப் பிடிக்கத் தெரியவில்லையே என்று மறு ஆண்டு பத்திரிகைகள் வாரனைப் பிய்த்து எடுத்ததன் பின்னணி அது. கெல்லியின் உடல் கிடைத்ததற்கு முந்தைய நாள் அவர் பதவி விலகியிருந்தார்.

ஓய்வுபெற்ற ரோந்து

அதைப் படித்ததும் சுருக்கென்றது. ஆனால் தெருவில் நின்ற காவலனுக்கும் ஆணையருக்கும் வித்தியாசம் உண்டு ஐயா. வாட்கின்ஸ் போன்றவர்கள் இரவு முழுவதும் நடந்தே தேய்ந்தவர்கள்.

மேனர்பார்க்வாசி

ஆல்ட்கேட் பக்கம் போகிறவர்களுக்கு இன்னும் ஒன்று. மைட்டர் சதுக்கத்துக்குக் கிட்டவே ஜூவ்ரி தெரு. இந்தியாவிலிருந்து வெள்ளைக்காரக் குடும்பங்களோடு பிள்ளை பார்க்கக் கப்பலில் வந்து, இங்கே இறங்கியதும் கைவிடப்பட்ட ஆயாக்களுக்கு ஒரு விடுதி அந்தத் தெருவில் இருந்தது. 1900-இல் ஹாக்னிக்கு மாற்றினார்கள். நம்முடைய பக்கத்துப் பெண்களும் அந்த இரவுகளில் அங்கே கதவைத் தாழ்போட்டுக்கொண்டு படுத்திருப்பார்கள் என்று நினைத்துப் பார்க்கிறேன். இதையும் எந்த நடையிலும் சொல்லக் கேட்டதில்லை.

நடைராஜா

சரி, நான் தோற்றேன் என்று சொல்ல மாட்டேன், ஆனால் பேச்சு நல்ல இடத்துக்கு வந்திருக்கிறது. சந்தையில் எல்லா நடையும் ஒரே மாதிரி இல்லை. பெண்களின் வாழ்க்கையை முன்வைத்துப் பெண்களே நடத்தும் நடைகளும் உண்டு, பிணப்படம் காட்டுவதில்லை என்று முன்கூட்டியே சொல்கிறவர்களும் உண்டு. முன்பதிவுக்கு முன் மின்னஞ்சலில் கேட்டுவிடுங்கள்: பிணவறைப் படம் காட்டுவீர்களா, குழுவில் எத்தனை பேர்? பதில் வரும் தொனியிலேயே ஆள் தெரிந்துவிடும். டென் பெல்ஸ் மதுக்கடை வாசலில் முடிகிற நடைகள் குடிக்கும் கூட்டத்தை எதிர்பார்த்து நடத்தப்படுபவை, குழந்தையோடு வேண்டாம். அந்தக் கடை 1976 முதல் 1988 வரை 'ஜாக் தி ரிப்பர்' என்ற பெயரிலேயே நடந்தது. எதிர்ப்பு வந்ததும் பழைய பெயருக்குத் திரும்பியது.

கேபிள் தெருவில் ஓர் அருங்காட்சியகம் உண்டு. பெண்கள் வரலாற்று அருங்காட்சியகம் என்று அனுமதி வாங்கிவிட்டு 2015-இல் ரிப்பர் அருங்காட்சியகமாகத் திறந்தார்கள். தெருவே கூடிப் போராடியது. அதற்கு நானும் போகச் சொல்ல மாட்டேன்.

மதுரைக்காரி

ஒரு நடைக்கு டிக்கெட் கேட்டேன், படிப்புக்கே பாடத்திட்டம் போட்டுக் கொடுத்துவிட்டீர்கள். எல்லோருக்கும் நன்றி.

இழையை முழுவதும் அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். ரோந்து ஐயாவின் பதிவை இரண்டு தடவை கேட்டார். "வாட்கின்ஸ் பதினைந்து நிமிடத்துக்குள் திரும்பியிருக்கிறான், ஒழுங்காகத்தான் நடந்திருக்கிறான்" என்று அவருக்கே சான்றிதழ் கொடுத்தார். வழிகாட்டி வேண்டாம், நாமே பகலில் நடக்கலாம் என்கிறார். மகளுக்குக் கடுகு டப்பாவின் கதையைச் சொன்னேன். அடகுச் சீட்டு என்றால் என்ன என்று கேட்டாள், என் சங்கிலி ஒரு காலத்தில் எங்கே இருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டியதாயிற்று.

முழங்காலுக்கு ஏற்ற வழி ஒன்று யாராவது போட்டுக் கொடுப்பீர்களா?

பழைய சுவடி

பகலில் என்றால் இப்படிப் போங்கள். ஆல்டப் அலி பூங்காவில் தொடங்குங்கள், உட்கார இடம் உண்டு. அங்கிருந்து கன்தார்ப் தெருச் சந்து வழியாக வென்ட்வர்த் தெரு, நான்கு சதவீத வளைவு. பிறகு பிரிக் லேன் ஓரமாக மேலே ஏறினால் ஃபூர்னியே தெரு மூலையில் பள்ளிவாசல். 1743-இல் பிரெஞ்சு அகதிகளின் தேவாலயமாகக் கட்டியது, பிறகு மெதடிஸ்டுகளிடம் போய், யூதர்களின் தொழுகைக்கூடமாகி, 1976 முதல் மசூதி. சுவரில் உயரத்தில் சூரியக் கடிகாரம் இருக்கிறது, மகளைக் கண்டுபிடிக்கச் சொல்லுங்கள். ஃபூர்னியே தெருவில் நேராக வந்தால் கட்டடக் கலைஞர் ஹாக்ஸ்மூர் கட்டிய கிறைஸ்ட் சர்ச் தேவாலயம், படிக்கட்டில் அப்பா கால் நீட்டலாம். எதிரே ஸ்பிட்டல்ஃபீல்ட்ஸ் சந்தைக்குள் தேநீர். சந்தைக்குப் பின்னால் கிரிஸ்பின் தெருவில் பழைய இரவுப் புகலிடக் கட்டடம், வாசல் மேலே 'ஆண்கள்', 'பெண்கள்' என்று கல்லில் செதுக்கியதைத் தனித்தனியாகப் பாருங்கள். இன்று மாணவர் விடுதி. ஞாயிற்றுக்கிழமை வேண்டாம், பெட்டிகோட் லேன் சந்தைக் கூட்டத்தில் நகர முடியாது.

ஓய்வுபெற்ற ரோந்து

கடைசியில் கோல்ஸ்டன் தெருவிலிருந்து மைட்டர் சதுக்கத்துக்கு நடையைச் சேர்த்துக்கொள்ளுங்கள், அப்பாவுக்குக் கடிகாரம் கொடுத்துவிடுங்கள்.

மதுரைக்காரி

கொடுத்துவிடுகிறேன் ஐயா. விசாரணைக் கோப்புகளை நேரில் பார்க்க முடியுமா என்று கேட்கச் சொன்னார்.

நூலகப்பூனை

காவல்துறைக் கோப்புகள் லண்டனில் கியூ (Kew) என்ற இடத்தில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. நுண்படலத்தில் பார்க்கலாம், வாசகர் அட்டைக்கு முகவரிச் சான்றும் கடவுச்சீட்டும் தேவைப்படும். எட்டோஸ், மேரி ஜேன் கெல்லி இருவரின் மரண விசாரணைத் தாள்கள் லண்டன் ஆவணக் காப்பகத்தில் (2024 வரை லண்டன் பெருநகர ஆவணக் காப்பகம் என்று பெயர்). வருவதற்கு முன்பே எழுதிக் கேட்டுவிடுங்கள், போன அன்றே எடுத்துக் கொடுப்பார்கள் என்று நம்பிப் போகாதீர்கள்.